மனையை விற்கலாம், யாருக்கு விற்கலாம்?

பாலக்கோட்டில் வாடகைக்கு வீடு தேடிப் போன நம் பிள்ளைகளுக்கு இந்தக் கேள்வி பழக்கமானது. முதலில் "எந்த ஊருப்பா?" ஊர்ப் பெயரைச் சொன்னதும் அடுத்தது, "ஊருக்குள்ளயா, காலனியா?" பதிலைக் கேட்டதும் வீடு திடீரென்று "நேத்தே வேற ஆளுக்குப் பேசியாச்சு" ஆகிவிடும். காரணத்தை யாரும் எழுதிக் கொடுப்பதில்லை. அதனால் எதை வைத்து வழக்குப் போடுவது என்றும் தெரிவதில்லை.

ஆனால், இன்னார்தான் உள்ளே வரலாம் என்று எழுதியே வைத்து, அரசு அலுவலகத்தில் பதிவும் செய்து, உச்ச நீதிமன்றம் வரை போய் ஜெயித்த கதை ஒன்று உண்டு. சமூக நீதி பேசும் ஒவ்வொரு மாணவரும் அதைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

முதலில் கூட்டுறவு வீட்டுவசதிச் சங்கத்தின் நடைமுறையைப் பார்ப்போம். பல சங்கங்களில் நிலம் சங்கத்தின் பெயரில் இருக்கும். உறுப்பினர் பங்குத்தொகை கட்டுகிறார், அதன்பேரில் அவருக்கு மனையோ வீடோ ஒதுக்கப்படுகிறது. அதை அவர் விற்க வேண்டுமென்றால் பங்கையும் உறுப்பினர் உரிமையையும் வாங்குபவர் பெயருக்கு மாற்ற வேண்டும். அதற்கு நிர்வாகக் குழுவின் சம்மதம் வேண்டும். யார் உறுப்பினராகலாம் என்பதைச் சங்கத்தின் துணைவிதி சொல்கிறது. கையில் பணம் இருந்தாலும், துணைவிதி ஏற்காதவர் வீட்டுக்குச் சொந்தக்காரர் ஆக முடியாது.

இந்தியாவில் கூட்டுறவுச் சட்டம் 1904இல் வந்தது. 1915இல் பம்பாயின் காம்தேவியில் சரஸ்வத் கூட்டுறவு வீட்டுவசதிச் சங்கம் தொடங்கியது. பெயரே சொல்வதுபோல அது ஒரு சாதியாருக்கான குடியிருப்பு. நகரத்துக்குப் போனால் சாதி கரைந்துவிடும் என்று நாம் கேட்டு வளர்ந்திருக்கிறோம். நகரத்தின் தொடக்கக் காலக் கூட்டுறவுக் குடியிருப்புகளிலேயே அது வேலி போட்டு உட்கார்ந்துகொண்டது.

அகமதாபாத்தில் 1926இல் பதிவான ஜொராஸ்ட்ரியன் கூட்டுறவு வீட்டுவசதிச் சங்கத்தின் துணைவிதி, பார்சிகள் மட்டுமே உறுப்பினராகலாம் என்றது. பல பத்தாண்டுகள் கழித்து, வாரிசு வழியில் உறுப்பினரான ஒருவர் தன் சொத்தைப் பார்சி அல்லாத கட்டுமான நிறுவனத்துக்கு விற்க முனைந்தார். சங்கம் தடுத்தது. குஜராத் உயர் நீதிமன்றம் அந்தத் தடை செல்லாது என்றது. 2005 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் அதைப் புரட்டிப்போட்டது. சங்கம் 'அரசு' அல்ல, எனவே அடிப்படை உரிமைகளைக் காட்டி அதன் துணைவிதியை உடைக்க முடியாது. துணைவிதியை ஏற்றுச் சேர்ந்தவர் அதற்குக் கட்டுப்பட்டவர். இப்படிப்பட்ட துணைவிதி கூடாதென்றால் சட்டமன்றம்தான் சட்டத்தைத் திருத்த வேண்டும். தீர்ப்பின் சாரம் இவ்வளவுதான்.

பார்சிகள் எண்ணிக்கையில் சுருங்கிவரும் சிறுபான்மையினர். தங்கள் மக்களோடு சேர்ந்து வாழ விரும்புவதில் என்ன தவறு என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. ஆனால் 1917இல் பரோடாவில் நடந்ததையும் நினைத்துப் பாருங்கள். அமெரிக்காவிலும் லண்டனிலும் படித்துத் திரும்பிய அம்பேத்கருக்கு அந்த ஊரில் தங்க இடமில்லை. பார்சி விடுதி ஒன்றில் பார்சிப் பெயரில் தங்கினார். பதினோராம் நாள் தடிகளோடு வந்த பார்சிகள் அவரை வெளியேற்றினார்கள். நண்பர்களும் இடம் தரவில்லை. பூங்காவில் உட்கார்ந்து அழுதுவிட்டு இரவு ரயிலில் பம்பாய் திரும்பினார். அன்று தடி செய்த வேலையைத் துணைவிதி சத்தமில்லாமல் செய்துவிடுகிறது.

அமெரிக்காவிலும் இதே பிரச்சினை இருந்தது. செயின்ட் லூயிஸ் நகரில் ஷெல்லி என்ற கறுப்பினக் குடும்பம் 1945இல் வீடு வாங்கியது. கறுப்பினத்தவர் குடியேறக் கூடாது என்ற பழைய ஒப்பந்தத்தைக் காட்டி அக்கம்பக்கத்தார் வழக்குப் போட்டனர். 1948இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம், ஒப்பந்தம் தனியாருடையதுதான், ஆனால் அதை நீதிமன்றம் அமல்படுத்தினால் அது அரசே பாகுபாடு காட்டுவதாகும் என்று மறுத்துவிட்டது.

அதே 1948 நவம்பரில் நம் அரசியல் நிர்ணய சபையில், பின்னாளில் 15(2) ஆன பிரிவு விவாதிக்கப்பட்டது. கடைகள், உணவகங்கள், விடுதிகளில் சாதி, மதம் பார்த்துத் தடுக்கக் கூடாது என்கிறது அது. 'கடை' என்பதைச் சேவை தரும் எல்லோரையும் உள்ளடக்கிய விரிந்த பொருளிலேயே கையாண்டிருப்பதாக அம்பேத்கர் விளக்கினார். இந்தப் பிரிவு அரசை மட்டுமல்ல, தனியாரையும் கட்டுப்படுத்தும். 2011இல் இந்திய மருத்துவச் சங்கம் தொடர்ந்த வழக்கில், அந்த விளக்கத்தை வைத்தே தனியார் கல்வி நிறுவனங்களையும் 15(2)க்குள் கொண்டுவந்தது உச்ச நீதிமன்றம். வீட்டுவசதிச் சங்கத்துக்கும் அது பொருந்தும் என்று வாதிட வழி இருக்கிறது. அந்த வாதத்தைக் கட்டியெழுப்ப வேண்டியவர்கள் சட்டம் படிக்கும் நம் பிள்ளைகள்தான்.

இன்னொரு சிக்கலும் உண்டு. அகமதாபாத்தின் சாந்த்கேடா பகுதியில் தலித்துகளும் தங்களுக்கெனச் சங்கங்கள் அமைத்துக் குடியேறினார்கள். 'அவர்களும் தனியாகத்தானே இருக்கிறார்கள்' என்பார்கள். வெளியே தள்ளப்பட்டவர்கள் பாதுகாப்புக்காக ஒன்று சேர்வதும், உள்ளே இருப்பவர்கள் பூட்டுப் போடுவதும் ஒன்றல்ல. 2012 நவம்பர் 7 அன்று நம் மாவட்டத்தின் நத்தம், கொண்டம்பட்டி, அண்ணாநகர் காலனிகள் எரிந்ததைப் பார்த்த நமக்கு அந்த வேறுபாட்டை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

தோழர்களே, உங்கள் ஊர்ப் பக்கத்தில் இருக்கும் கூட்டுறவு வீட்டுவசதிச் சங்கத்தின் துணைவிதியைப் படித்திருக்கிறீர்களா? கூட்டுறவுச் சங்கம் எல்லாமே தகவல் உரிமைச் சட்டத்துக்குள் வராது என்று 2013இல் உச்ச நீதிமன்றம் சொன்னது உண்மை. ஆனால் சட்டப்படி பதிவாளர் பெறக்கூடிய தகவலை அவரிடம் கேட்கலாம் என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. ஒரு மனு எழுதுங்கள். துணைவிதி நகலைக் கேளுங்கள். உறுப்பினர் சேர்க்கை, உரிமை மாற்றம் என்ற இரண்டு தலைப்புகளின் கீழ் என்ன எழுதியிருக்கிறது, யாருடைய விண்ணப்பம் என்ன காரணத்துக்காக நிராகரிக்கப்பட்டது என்று பாருங்கள். வாய்வார்த்தையாக மூடிய கதவைத் தட்டுவது கடினம். காரணம் காகிதத்தில் வந்துவிட்டால் நம் வழக்கு அங்கிருந்தே தொடங்கும்.