வடவேங்கடத்துப் பாலை

தமிழகத்தின் வட எல்லை வேங்கடம் என்பது பள்ளிச் சிறாரும் அறிந்த செய்தி. தொல்காப்பியத்துக்குச் சிறப்புப் பாயிரம் தந்த பனம்பாரனார் அதனைக் குறித்தார். இளங்கோவடிகளும் திருமால் நின்ற அக்குன்றத்தையே எல்லையாகக் கொண்டார். ஆயினும், அவ்வெல்லை எத்தகைய நிலம், அங்கு வாழ்ந்தோர் யாவர், அதனைக் கடந்தோர் எதன்பொருட்டுக் கடந்தனர் என்னும் வினாக்களை நாம் பெரிதும் எழுப்புவதில்லை. பிறமொழி வழங்கும் ஊர்களில் மனையறம் நடத்தும் நம்மனோர்க்கு இவ்வினாக்கள் சிறப்பாக உரியன.

பாலை எனும் நிலம்

பாலை என்றதும் மணற்கடலும் ஒட்டக வரிசையும் இன்று நம் நினைவுக்கு வருகின்றன. சங்கச் சான்றோர் கண்ட பாலை அதுவன்று. முல்லையும் குறிஞ்சியும் கதிரவன் வெம்மையால் தம் இயல்பு திரிந்தவிடத்துப் பாலை என்னும் வடிவம் கொள்ளும் என்பது இளங்கோவடிகள் காட்டும் விளக்கம். வேனிலும் நண்பகலும் அதற்குரிய பொழுதுகள். பிரிவு அதற்குரிய ஒழுக்கம்.

சித்தூர், திருப்பதி வட்டாரத்தைக் கோடையில் கண்டோர் இவ்விளக்கத்தின் நுட்பத்தை எளிதில் உணர்வர். கிழக்குத் தொடர்ச்சி மலையின் தென்பகுதி அது. சேசாசலம் எனப்படும் அம்மலைத்தொடரில் உலகில் வேறெங்கும் அரிதாகவே காணப்படும் செம்மரம் வளர்கின்றது. கற்பாறையும் வறண்ட மண்ணுமே அம்மரத்துக்கு ஏற்ற இடம். காளத்தியைத் தழுவிச் செல்லும் பொன்முகலியாறு, சொர்ணமுகி என இன்று வழங்குவது, மழைக்காலத்தில் பெருகி ஓடும். வேனிலில் மணலே அதன் உடலாகும். மழை பெய்தால் முல்லையாகவும் குறிஞ்சியாகவும் விளங்கி, மழை பொய்த்தால் பாலையாகத் திரியும் நிலத்துக்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை.

மாமூலனார் காட்டும் வேங்கடம்

இந்நிலத்தை மிகுதியாகப் பாடியவர் மாமூலனார். அகநானூற்றில் உள்ள இவர் பாடல்கள் பாலைத்திணையைச் சார்ந்தவை. கள்வர் கோமான் புல்லி என்பானது வேங்கடத்தை அவர் பலகால் குறிக்கின்றார். அம்மலைக்கு அப்பால் மொழி வேறாகும் என்றும் கூறுகின்றார். அந்நிலத்துக்கு அவர் தந்த பெயர் மொழிபெயர் தேயம். அங்கு வாழ்ந்தோரை வடுகர் எனச் சங்கப் பாடல்கள் சுட்டும்.

அப்பாடல்களின் தலைவன் பொருள் தேடிச் செல்பவன். வேங்கடம் அவன் சென்று சேரும் இடமன்று. கடந்து செல்லும் வழி. அவன் பிரிவால் வருந்தும் தலைவியைத் தோழி தேற்றுகின்றாள்: விழாக்கள் மிக்க புகழ்சால் வேங்கடத்தையே பெறுவதாயினும் அவர் அங்குத் தங்கிப் பழகார், மீண்டு வருவார் என்பது அவள் கூற்று. வேங்கடம் அக்காலத்திலேயே விழாக்களால் பெயர்பெற்ற ஊராக இருந்தது என்பதும் இதனால் பெறப்படும்.

வழிப்போக்கரை அந்நாடு எவ்வாறு நடத்தியது? புல்லியின் நாட்டுக் கோவலர், காளையின் கழுத்தில் பூட்டிய மூங்கிற் குழாயிலிருந்து இனிய புளிச்சோற்றை எடுத்துத் தேக்கிலையில் பகுத்தளித்து, பசியால் செவி அடைத்துவந்தோரின் வருத்தத்தைத் தீர்த்தனர் என்பது மாமூலனாரின் மற்றொரு காட்சி. அறியாத ஊரில் முன்பின் அறியாத ஒருவர் இட்ட முதற் சோற்றை உண்டவர்களுக்கு இக்காட்சியின் அருமை விளங்கும். அத்திருமலையில் இன்றும் புளியோதரை இறைவன் திருமுன் படைக்கப்பட்டு அடியார்க்கு வழங்கப்படுகின்றது.

இருமொழியும் வளர்ந்த மண்

பிற்காலத்தில் தொண்டை மண்டலத்தின் ஒரு கோட்டமாகத் திருவேங்கடக் கோட்டம் அமைந்தது. முதலாம் ஆதித்த சோழன் காளத்திக்கு அண்மையில் உள்ள தொண்டைமானாற்றூரில் உயிர் நீத்தான். அவன் மகன் முதற் பராந்தகன் அங்கே பள்ளிப்படைக் கோயில் எடுப்பித்தான். திருமலை, திருப்பதிக் கோயில்களில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட கல்வெட்டுகள் உள்ளன. அவற்றுள் மிகப் பெரும்பாலானவை தமிழில் அமைந்தவை. பல்லவர் குடியைச் சார்ந்த சாமவை என்னும் அரசமாதேவி வெள்ளித் திருமேனி ஒன்றை வழங்கிய செய்தியும் தமிழ்க் கல்வெட்டாகவே காணப்படுகின்றது. மார்கழித் திங்களில் அக்கோயிலில் சுப்ரபாதத்துக்கு மாற்றாகத் திருப்பாவை ஓதப்படுவது இன்றும் நின்று நிலவும் வழக்கு.

அதே கோயிலில்தான் அன்னமாச்சாரியர் (1408–1503) தெலுங்கில் கீர்த்தனைகளைப் பாடினார். அவை செப்பேடுகளில் பொறிக்கப்பட்டுக் கோயிலிலேயே பாதுகாக்கப்பட்டன. காளத்தி வேடர் திண்ணனாரைச் சேக்கிழார் கண்ணப்பராகத் தமிழில் பாடினார். தூர்சடி என்னும் புலவர் அவரையே தெலுங்கில் பாடினார். ஒரே வேடன் இரு மொழியிலும் கண் அளித்து நிற்கின்றான். எல்லை நிலம் ஈந்த செல்வம் இது.

கோடு கிழித்த காலம்

எல்லை ஒரு நிலப்பரப்பாக இருந்தவரையில் இரு மொழியாரும் அதில் கலந்து வாழ்ந்தனர். அது தாளில் வரைந்த கோடாக மாறியபோது துன்பம் தோன்றிற்று. வட ஆர்க்காடு, கடப்பை மாவட்டங்களின் பகுதிகளைக் கொண்டு 1911ஆம் ஆண்டில் சித்தூர் மாவட்டம் அமைக்கப்பட்டது. 1953 அக்டோபர் 1ஆம் நாள் ஆந்திர மாநிலம் தோன்றியபோது அம்மாவட்டம் ஆந்திரத்தைச் சேர்ந்தது. தணிகையையும் அதனைச் சூழ்ந்த தமிழ் ஊர்களையும் மீட்க ம. பொ. சிவஞானம் கிளர்ச்சி நடத்தினார். மங்கலங்கிழார் அப்பகுதி ஊர்களில் தமிழ் கற்பித்து மக்களுக்கு மொழியுணர்வூட்டினார். படாஸ்கர் பரிந்துரையின்படி 1960 ஏப்ரல் 1 முதல் திருத்தணி தமிழகத்தோடு இணைந்தது; சத்தியவேடு ஆந்திரத்துக்குச் சென்றது. திருப்பதியும் காளத்தியும் ஆந்திரத்திலேயே நின்றன.

கோடு எங்கு விழினும் இருபுறமும் சிலர் தம் மொழிக்கு அயலார் ஆதல் தவிராது. நகரியிலும் புத்தூரிலும் குப்பத்திலும் தமிழ் பேசும் குடும்பங்கள் இன்றும் வாழ்கின்றன. வீட்டில் தமிழும் கடைத்தெருவில் தெலுங்கும் அவர்கள் நாவில் தடையின்றி வழங்குகின்றன. ஆயினும் தமிழ் எழுத்தறியாத தலைமுறை வளருங்கால், பேச்சு மட்டுமே எஞ்சிப் பின் அதுவும் தேயக்கூடும். மூன்று மாநிலங்கள் கூடும் குப்பத்தில் 1997ஆம் ஆண்டு திராவிடப் பல்கலைக்கழகம் நிறுவப்பட்டது, எல்லை நிலத்தின் தகுதியை உணர்ந்த செயலாகும்.

நாம் கொள்ளத்தக்கது

மாமூலனாரின் தலைவன் மீண்டு வருவான் என்று தோழி உறுதி கூறினாள். நம்மில் பலர் மீளவில்லை; மொழிபெயர் தேயத்தையே ஊராக்கிக்கொண்டோம். அதில் இழுக்கு ஒன்றுமில்லை. அடுத்தவர் மொழியை மதித்துக் கற்றலும், தம் மொழியை எழுத்தோடு பிள்ளைகளுக்கு அளித்தலும் எல்லையில் வாழ்வோர்க்குரிய இரு கடமைகள். திருமலைக் கற்களில் தமிழ் இன்றும் நிற்பது, அன்று அதனை எழுதிவைத்தவர்கள் இருந்தமையால்தான். நம் இல்லங்களிலும் அது எழுதப்பெறுதல் வேண்டும்.