சேகர், டி. ஏ.

டி. ஏ. சேகர் (திருமலை அனந்தன்பிள்ளை சேகர், பிறப்பு: 28 மார்ச் 1956, சென்னை) தமிழ்நாட்டு வேகப்பந்து வீச்சாளர், பின்னாளில் பயிற்றுநர், தேர்வாளர், இளம் வீரர்களைக் கண்டெடுப்பவர். இந்தியாவுக்காக அவர் ஆடியவை 2 டெஸ்ட், 4 ஒருநாள் ஆட்டங்கள் மட்டுமே. அவரிடம் பயின்று இந்திய அணிக்குச் சென்றவர்களின் வரிசையோ நீளமானது.

ஆட்டக்காலம்

வி. வி. குமார், வெங்கட்ராகவன் போன்ற சுழற்பந்து மேதைகளை நம்பி வளர்ந்தது தமிழ்நாட்டு கிரிக்கெட். அந்த மண்ணில் வேகத்தைத் தேர்ந்துகொண்டவர் சேகர். ரஞ்சிக் கோப்பையில் மாநிலத்துக்காக ஆடிய அவர், 1983 ஜனவரியில் லாகூரில் பாகிஸ்தானுக்கு எதிராக டெஸ்டில் அறிமுகமானார். அடுத்த கராச்சி ஆட்டத்தோடு அவரது டெஸ்ட் வாய்ப்பு முடிந்தது, விக்கெட் கிடைக்கவில்லை. 1985 வரை ஆடிய ஒருநாள் ஆட்டங்களில் 5 விக்கெட் எடுத்தார்.

பயிற்றுநர்

கபில்தேவுக்குத் துணையாக வேகப்பந்து வீச ஆள் தேடி இந்தியா தவித்த காலத்தில், 1987இல், எம்.ஆர்.எஃப். நிறுவனம் சென்னையில் வேகப்பந்து அறக்கட்டளையைத் தொடங்கியது. ஆஸ்திரேலியாவின் டென்னிஸ் லில்லி இயக்குநரானார். அவர் ஆண்டில் சில முறை வந்து போவார். மற்ற நாட்களில் சேத்துப்பட்டு மைதானத்தில் பையன்களோடு நின்றவர் தலைமைப் பயிற்றுநர் சேகர்.

பந்து வீசும்போது இடுப்பு ஒரு திசையிலும் தோள் வேறு திசையிலும் திரும்பினால், கீழ்முதுகெலும்பில் விரிசல் விழக்கூடும். இளம் வீச்சாளர்கள் பலரை முடக்கிய குறை இது. வீடியோவில் பதிவு செய்து வீச்சுமுறையைத் திருத்துவது, உடற்பயிற்சிக் கூடத்தில் உடலை வலுவாக்குவது என இரண்டையும் அறக்கட்டளை ஒருசேரச் செய்தது. இங்கிருந்து முதலில் டெஸ்ட் ஆடியவர் விவேக் ரஸ்தான் (1989). பின்னர் ஜவகல் ஸ்ரீநாத், வெங்கடேஷ் பிரசாத், முனாஃப் படேல் ஆகியோர் வந்தனர். இலங்கையின் சமிந்த வாஸும் இங்கே பயின்றவர். வேகப்பந்து வீசும் ஆசையோடு வந்த சிறுவன் சச்சின் டெண்டுல்கரை, மட்டை பிடிக்கச் சொல்லி லில்லி அனுப்பியதும் இங்கேதான்.

கண்டெடுப்பவர்

மும்பையில் ஆடிக்கொண்டிருந்த ஜாகீர்கானை அடையாளம் கண்டு சென்னைக்கு அழைத்துவந்தவர் சேகர். 2000இல் இந்திய அணிக்கு வந்த ஜாகீர், டெஸ்டில் 311 விக்கெட் எடுத்தார். 2011 உலகக் கோப்பையில் 21 விக்கெட் வீழ்த்தி, அதிக விக்கெட் எடுத்தோர் பட்டியலில் முதலிடத்தைப் பகிர்ந்துகொண்டார்.

சந்து போர்டே தலைமையிலான தேசியத் தேர்வுக்குழுவிலும் சேகர் இடம்பெற்றார். 2008இல் ஐ.பி.எல். தொடங்கியபோது அறக்கட்டளையிலிருந்து விலகி டெல்லி டேர்டெவில்ஸ் அணியின் நிர்வாகத்தில் சேர்ந்தார்; பின்னர் மும்பை இந்தியன்ஸ் அணிக்காக இளம் வீரர்களைத் தேடும் பணியில் ஈடுபட்டார். அறக்கட்டளையின் தலைமைப் பயிற்றுநராக எம். செந்தில்நாதனும், 2012இல் லில்லிக்குப் பின் இயக்குநராக கிளென் மெக்ராவும் பொறுப்பேற்றனர்.

மதிப்பீடு

சொந்தக் கணக்கில் ஒரு டெஸ்ட் விக்கெட்கூட இல்லாதவர் சேகர். ஆயினும் இந்திய வேகப்பந்து வீச்சின் வரலாற்றில், கபில்தேவுக்குப் பிந்தைய தலைமுறையை உருவாக்கியவர்களுள் முதல் வரிசையில் வைத்துப் போற்றத் தக்கவர்.