படுதாவிலிருந்து காலண்டருக்கு: கொண்டையராஜுவின் நாடக ஆண்டுகள்

மகாராஜபுரம், ஸ்ரீவில்லிபுத்தூர், ராஜபாளையம் வட்டாரத்து வீடுகளில் மாட்டியிருக்கும் சாமி படங்களில் பல பக்கத்துச் சிவகாசியில் அச்சானவை. அவற்றுக்கு மூலம் வரைந்தவர்களில் தலையாயவர் கோவில்பட்டி சி. கொண்டையராஜு (1898–1976). சென்னை ஓவியப் பள்ளி, ரமணாசிரமம், நாடகக் குழு, கோவில்பட்டி ஸ்டுடியோ, சிவகாசி காலண்டர் என்ற அவரது வாழ்க்கை வரிசை ஆய்வாளர்களுக்குத் தெரிந்ததே. அந்த வரிசையில் நாடகத்துக்கு எவ்வளவு எடை தருவது என்பதே இங்கு வழக்கு.

ஆய்வாளர் ஸ்டீஃபன் இங்லிஸ் 1995-இல் வெளிவந்த கட்டுரையில் கொண்டையராஜுவை நவீன ஆசான் ஒருவராக நிறுத்தினார். கலை வரலாறு கடைச்சரக்கென்று தள்ளிய படங்களுக்குப் பின்னால் பெயரும் வாழ்வும் உள்ள ஓவியர் இருந்ததைக் காட்டிய அந்தக் கட்டுரைக்கு நாம் எல்லோரும் கடன்பட்டிருக்கிறோம். ஆனால் ஆசானை நடுவில் வைத்ததும் பார்வை அவரது துறவு மனத்துக்கும் சீடர் வட்டத்துக்கும் போய்விடுகிறது. நாடக ஆண்டுகள் ஆசிரமத்துக்கும் அச்சகத்துக்கும் இடையில் வயிற்றுப்பாட்டுக்குச் செய்த வேலையாகச் சுருங்குகின்றன. என் கணிப்பில் அந்தப் படங்களின் இலக்கணமே அங்கேதான் உருவானது.

கொண்டையராஜு வேலை செய்த தேவி பால விநோத சங்கீத சபா போன்ற குழுக்களுக்குத் தர்பார், காடு, தெரு, கோயில் என்று தனித்தனிப் படுதாக்கள் வேண்டும். மேடையை அடைக்கும் துணியை ஒருவரே எழுதி முடிப்பது அரிது. தூணையும் வளைவையும் ஒருவர், செடிகொடியை ஒருவர், முகத்தை மூத்தவர் என்று வேலை பிரிந்துவிடும். கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பவருக்கும் எட்ட வேண்டும் என்பதால் நிறம் அழுத்தமாக இருக்கும். நடிகர் நிற்க நடு இடம் காலியாக விடப்படும்.

இந்தப் பின்னணியில் இரட்டைக் கையெழுத்துள்ள படங்களைப் பார்க்க வேண்டும். கொண்டையராஜு பெயரோடு சீடர் டி.எஸ். சுப்பையாவின் பெயரும் சேர்ந்தே அச்சான படங்கள் உண்டு. சீடருக்குக் குரு காட்டிய பரிவு என்று இதை விளக்கிவிடலாம்; எனக்கு அது போதவில்லை. பரிவு என்றால் ஓரிரு படங்களோடு நின்றிருக்கும். படுதாக் கொட்டகையின் வேலைப் பங்கீடு காகிதத்தில் இறங்கிப் பெயரும் பெற்ற இடம் அது. கொண்டையராஜுவின் கஜலட்சுமி படத்தையே பாருங்கள்: தேவி நேர்முகமாக நடுவில், இருபுறமும் மேடைத் தட்டிகள் போல யானைகள், பின்னால் ஆழம் காட்டும் இயற்கைக் காட்சி. 1894-இல் அச்சகம் தொடங்கிய ரவி வர்மாவின் செல்வாக்கும் இதில் இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் ரவி வர்மாவின் லட்சுமியும், படுதாக்களுக்கு முன்மாதிரியான பார்சி நாடக மேடையும் ஒரே காலத்துப் பிள்ளைகள். முன்னதை மட்டும் தாயாக்குவது நியாயமில்லை.

சான்று மெலிந்தது என்பதை ஒப்புக்கொள்கிறேன். படுதா ஊர் ஊராக மடித்துத் தூக்கிப்போகும் சரக்கு. வஜ்ரப் பசை கலந்த வண்ணம் மடிப்பில் உதிரும், மழையில் கரையும். பழைய படுதாவின் மேலேயே புதிய காட்சியை எழுதிவிடுவதும் உண்டு. கையில் ஒரு படுதா இல்லாததாலேயே அச்சுப் படத்தை வைத்துப் பின்னோக்கி வாதிட வேண்டியிருக்கிறது.

நாடகக் குழு கலைந்து கொண்டையராஜு கோவில்பட்டியில் தங்கிய ஆண்டாக 1942 சொல்லப்படுகிறது. அதை 1940-களின் தொடக்கம் என்று கொள்வதே பாதுகாப்பு. படங்களின் காலமோ இன்னும் சிக்கல். காலண்டரில் ஆண்டு இருப்பது கீழே தைத்த தேதித் தாளில். அதைக் கிழித்த பிறகு சட்டம் போட்ட படத்தில் ஆண்டே இல்லை. ஒரே படத்தைப் பல ஆண்டுகள் மறு அச்சிட்டார்கள் என்பதால், தேதித் தாள் தப்பிய பிரதியும் மூலத்தின் வயதைச் சொல்லாது. ஆகவே இரட்டைக் கையெழுத்துப் படங்கள் தனிக் கையெழுத்துப் படங்களுக்கு முந்தியவையா பிந்தியவையா என்ற கேள்வியை இப்போதைக்குத் திறந்தே வைக்கிறேன்.