வி. கே. ராமசாமி

வி. கே. ராமசாமி (ஜனவரி 1, 1926 - டிசம்பர் 24, 2002) தமிழ் நாடக, திரைப்பட நடிகரும் தயாரிப்பாளரும் ஆவார். 1947 முதல் 2001 வரை ஐம்பது ஆண்டுகளுக்கும் மேலாகத் தமிழ்த் திரைப்படங்களில் குணச்சித்திர, நகைச்சுவை வேடங்களில் நடித்தார். இளமையிலேயே முதியவர் வேடங்களை ஏற்று, உண்மையான முதுமை வரை அவற்றைத் தொடர்ந்தது இவரது கலைவாழ்வின் சிறப்பாகும்.

பின்னணி

மதுரைக்குத் தெற்கே ஏறத்தாழ 50 கி.மீ. தொலைவிலுள்ள விருதுநகர் இவரது ஊர். பெயரின் முதலெழுத்தான 'வி' அவ்வூரைக் குறிக்கும். இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் மதுரை, பாய்ஸ் கம்பெனி எனப்பட்ட சிறுவர் நாடகக் குழுக்களின் மையமாக விளங்கியது. 1918 இல் சங்கரதாஸ் சுவாமிகள் தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையை இங்கு தொடங்கினார். சிவாஜி கணேசன், காகா ராதாகிருஷ்ணன் ஆகியோர் யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் குழுவில் பயின்றவர்கள். இக்குழுக்களில் அரசன், கிழவர், பெண் என எல்லா வேடங்களையும் சிறுவர்களே ஏற்றனர். வயதுக்குப் பொருந்தாத வேடத்தையும் குரலாலும் உடல் அசைவாலும் நிலைநிறுத்துவது அங்கு அடிப்படைப் பயிற்சியாக இருந்தது. ராமசாமியும் இளம் வயதிலேயே நாடகத்துறைக்கு வந்தார்.

திரைப்படத் துறை

ப. நீலகண்டனின் 'தியாக உள்ளம்' நாடகத்தைத் தழுவி, ஏ. வி. மெய்யப்பன் இயக்கிய நாம் இருவர் (1947) இவரது முதல் திரைப்படம். காரைக்குடியில் அமைந்திருந்த ஏவிஎம் படப்பிடிப்பு நிலையத்தில் இது உருவானது. கள்ளச்சந்தை வணிகரான சண்முகம் பிள்ளை என்னும் முதியவராக இவர் நடித்தபோது இவருக்கு வயது 21.

கதாநாயகர்களுக்கு வயது ஏறுவது பொதுவாக இடையூறாகும். தந்தை, மாமனார், பண்ணையார், மேலாளர் போன்ற வேடங்களை ஏற்பவருக்கு அவ்விடையூறு இல்லை. ஒரு படத்தின் வணிகத் தோல்வியும் அவரைப் பெரிதாகப் பாதிப்பதில்லை. இதனால் ராமசாமி பல தலைமுறை நாயகர்களுடன் நடிக்க முடிந்தது. மதுரையை அடுத்த சோழவந்தானைக் களமாகக் கொண்ட பட்டிக்காடா பட்டணமா (1972) திரைப்படத்தில் சிவாஜி கணேசனின் மாமனாராக நடித்தார். பதினைந்து ஆண்டுகளுக்குப் பின் வேலைக்காரனில் ரஜினிகாந்தின் தாத்தாவாக நடித்தார். மௌன ராகம் திரைப்படத்தில் நாயகனின் மேலதிகாரியாகத் தோன்றினார்.

தென் மாவட்டப் பேச்சின் சாயலும், சொற்களை நீட்டி இழுத்துப் பேசும் முறையும் இவரது நகைச்சுவைக்கு அடிப்படையாக அமைந்தன.

தயாரிப்பாளராக

ஏ. பி. நாகராஜனுடன் இணைந்து, கொங்குத் தமிழ் உரையாடல்களுக்காக அறியப்பட்ட மக்களைப் பெற்ற மகராசி (1957) திரைப்படத்தைத் தயாரித்தார். தாம் தயாரித்த ருத்ர தாண்டவம் (1978) திரைப்படத்தில் சிவபெருமானாக நடித்தார். நாகேஷ் பூசாரியாக நடித்தார். துணை நடிகர் ஒருவர் முதன்மை வேடம் ஏற்ற அரிதான படங்களுள் இதுவும் ஒன்று.

இறுதிக் காலம்

நீண்ட கலைவாழ்வு துணை நடிகர்களுக்குப் பொருளாதாரப் பாதுகாப்பை எப்போதும் அளிப்பதில்லை. திரைத்துறையின் மூத்தவர்கள் சிலருக்கு உதவும் நோக்குடன் ரஜினிகாந்த் நடித்த அருணாச்சலம் (1997) திரைப்படத்தின் பயனாளிகளுள் ராமசாமியும் ஒருவர். அப்படத்தில் அவர் நடித்தும் இருந்தார். தமது அனுபவங்களை 'எனது கலைப்பயணம்' என்னும் நூலாக எழுதியுள்ளார். 2002 டிசம்பர் 24 அன்று சென்னையில் தமது 76 ஆவது வயதில் காலமானார்.

நடித்த திரைப்படங்களிற் சில

- நாம் இருவர் (1947)
- பட்டிக்காடா பட்டணமா (1972)
- ருத்ர தாண்டவம் (1978)
- மௌன ராகம் (1986)
- வேலைக்காரன் (1987)
- அக்னி நட்சத்திரம் (1988)
- அதிசயப் பிறவி (1990)
- அருணாச்சலம் (1997)
- டும் டும் டும் (2001)