விவியன் லீ

ஆங்கில நாடக, திரைப்பட நடிகை. இயற்பெயர் விவியன் மேரி ஹார்ட்லி. 1913 நவம்பர் 5 அன்று டார்ஜிலிங்கில் பிறந்தார். தந்தை எர்னஸ்ட் ஹார்ட்லி கல்கத்தாவில் பங்குத் தரகர். கத்தோலிக்கரான தாய் கெர்ட்ரூடுக்கு ஐரிஷ், ஆர்மீனியப் பூர்வீகம் உண்டு என்பர். பிறந்த ஊர் என்ற பெருமை டார்ஜிலிங்குக்கு. முதல் மேடை தந்தது ஊட்டி.

முதல் உலகப்போரின்போது குதிரைப்படையில் சேர்ந்த தந்தை 1917இல் பெங்களூருக்கு மாற்றலானார். தாயும் மகளும் உதகையில் தங்கினர். கோடை வந்தால் சென்னை மாகாண அரசே மலையேறிவிடும் ஊர் அது. கெர்ட்ரூட் ஒரு அமெச்சூர் நாடகக் குழு வைத்திருந்தார். அந்தக் குழுவுக்காகத்தான் மூன்று வயது விவியன் முதன்முதலில் மேடையேறி, ஆடு மேய்க்கும் சிறுமியைப் பற்றிய குழந்தைப் பாட்டு ஒன்றை ஒப்பித்தார்.

1920இல் இங்கிலாந்தின் ரோஹாம்ப்டன் கான்வென்ட்டில் சேர்க்கப்பட்டார். அங்கே அவருடைய தோழி, பின்னாளில் டார்சான் படங்களில் புகழ்பெற்ற ஐரிஷ் நடிகை மாரீன் ஓ'சல்லிவன். லண்டனில் 1935இல் நடித்த ‘த மாஸ்க் ஆஃப் வர்ச்யூ’ நாடகம் விவியனுக்குப் பெயர் வாங்கித் தந்தது. ‘கான் வித் த விண்ட்’ (1939) படத்தில் அயர்லாந்திலிருந்து குடியேறியவரின் மகளாக நடித்து ஆஸ்கர் வென்றார். ‘அ ஸ்ட்ரீட்கார் நேம்ட் டிசையர்’ (1951) இரண்டாவது ஆஸ்கரைத் தந்தது.

1953இல் மீண்டும் தேயிலை மலைக்கு வந்தார், இம்முறை இலங்கையில். படம் ‘எலிபன்ட் வாக்’. யானைகளின் வலசைப் பாதையை மறித்துப் பங்களா கட்டிய தோட்டத் துரை குடும்பத்தின் கதை. அப்படிக் கட்டினால் என்ன ஆகும் என்று நீலகிரியின் முதுமலை, சீகூர்ப் பக்கத்து மக்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. படப்பிடிப்பின்போதே இருமுனை மனநோய் முற்றி, விவியன் விலக நேர்ந்தது. எலிசபெத் டெய்லர் அந்த வேடத்தை ஏற்றார். ஆனாலும் இலங்கையில் எடுத்த தொலைவுக் காட்சிகள் சிலவற்றில் இன்றும் திரையில் தெரிவது விவியன்தான்.

இந்த நோயை அவருடைய குணக்கேடாக எழுதியவர்கள் அவருக்குப் பெரும் அநியாயம் செய்தார்கள். சிகிச்சைக்கு நடுவிலும் அவர் மேடையை விடவில்லை. பாடகி என்று பெயரெடுக்காதவர், ஐம்பது வயதை நெருங்கும்போது நியூயார்க் பிராட்வேயில் ‘டோவாரிச்’ இசை நாடகத்தில் நடித்தார். பாரிஸுக்குத் தப்பிவந்து வீட்டு வேலைக்குச் சேரும் ரஷ்ய இளவரசி வேடம்; பாட்டோடு சார்ல்ஸ்டன் ஆட்டமும் ஆட வேண்டும். 1963இல் சிறந்த இசை நாடக நடிகைக்கான டோனி விருது அதற்காகக் கிடைத்தது. அதே ஆண்டு நோய் மறுபடி தாக்கவே, நாடகத்திலிருந்து விலகினார்.

கடைசிப் படம் ‘ஷிப் ஆஃப் ஃபூல்ஸ்’ (1965). நெடுநாள் தொல்லை தந்த காசநோய் திரும்பி, 1967 ஜூலையில் லண்டனில் காலமானார். அப்போது அவருக்கு வயது 53.