வேகத்தின் கரைசார் ஆதாரங்கள்: ‘காய்சர் வில்ஹெல்ம் டெர் குரோசே’ கப்பலின் வரலாறு (1897–1914)

அட்லாண்டிக் பயணிகள் கப்பல்களின் வரலாறு பெரும்பாலும் வேகச் சாதனைகளின் வரிசையாகவே எழுதப்பட்டுள்ளது. அவ்வரிசையில், பிரெமன் நகரின் நோர்ட்டாய்ச்சர் லாய்டு நிறுவனம் 1897இல் பயணத்தில் ஈடுபடுத்திய ‘காய்சர் வில்ஹெல்ம் டெர் குரோசே’, பிரித்தானிய முதன்மையை முறித்த கப்பலாக இடம்பெறுகிறது. இம்மதிப்பீடு பிழையன்று, ஆனால் அந்த வேகம் எதனால் இயன்றது என்பதை அது விளக்குவதில்லை. அரசின் மானியக் கொள்கை, குடிபெயர்ந்தோரின் கட்டணம், துறைமுகங்களில் தடையின்றிக் கிடைத்த நிலக்கரி ஆகிய மூன்றுமே அதைத் தாங்கின என இக்கட்டுரை வாதிடுகிறது.

முதலில் அரசு. 1880களின் தொடக்கத்தில் லாய்டு தன் விரைவுக் கப்பல்களை ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோவிலேயே கட்டுவித்தது. 1881இன் ‘எல்பெ’ அவற்றுள் ஒன்று. கிழக்காசிய, ஆஸ்திரேலிய அஞ்சல் வழித்தடங்களுக்கு 1885இல் மானியம் வழங்கிய ஜெர்மன் அரசு, அவற்றுக்கான புதிய கப்பல்கள் ஜெர்மனியிலேயே கட்டப்பட வேண்டும் என நிபந்தனை விதித்தது. அந்தப் பணியால் வளர்ந்தது ஸ்டெட்டின் நகரின் வுல்கான் கட்டுதளம். அங்கேதான் 1897 மே 4 அன்று, பேரரசர் இரண்டாம் வில்ஹெல்ம் முன்னிலையில், அவருடைய பாட்டனார் பெயரைத் தாங்கிய 14,349 டன் கப்பல் நீரில் இறக்கப்பட்டது. நான்கு புகைபோக்கிகள் கொண்ட முதல் அட்லாண்டிக் பயணிகள் கப்பல் இதுவே. 1898 மார்ச்சில் மேற்கு நோக்கிய பயணத்தில் சராசரி 22.29 நாட் வேகத்தை எட்டி, கியூனார்டு நிறுவனத்தின் ‘லுக்கானியா’ வைத்திருந்த சாதனையை முறியடித்தது. அட்லாண்டிக் தடத்துக்கு அந்த மானியம் இல்லை. எனினும் ஆசியத் தடத்துக்குத் தந்த பணம் வளர்த்த தொழில்திறன் இங்கே பயன்பட்டது.

இரண்டாவது ஆதாரம் கீழ்த்தளப் பயணிகள். கப்பலின் புகழ் முதல் வகுப்புக் கூடங்களின் அலங்காரத்தால் பரவியது. ஆனால் பயணிகளுக்கான இடத்தில் பாதிக்கும் மேல் குடிபெயர்வோருக்கே ஒதுக்கப்பட்டிருந்தது. ரஷ்ய, ஆஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசுகளிலிருந்து வந்தவர்களுக்காக, 1892இல் ஹாம்பர்க்கில் காலரா பரவியதை அடுத்து, பிரஷ்ய எல்லையில் மருத்துவப் பரிசோதனை நிலையங்கள் எழுந்தன. கப்பல் நிறுவனங்களே அவற்றை நடத்தியதால், பயணிகள் அவற்றின் துறைமுகங்களை நோக்கியே திருப்பப்பட்டனர்.

தலைக்கு அதிகக் கட்டணம் தந்தவர்கள் முதல் வகுப்பினர்தானே என்று மறுக்கலாம். அது உண்மை. ஆனால் அவர்கள் புதிய கப்பலைத் தேடிச் செல்பவர்கள். 1900இல் ஹாம்பர்க் நிறுவனத்தின் ‘டாய்ச்லாண்ட்’ சாதனையைப் பறித்தது. லாய்டின் சொந்தப் புதிய கப்பல்களும் பின்தொடர்ந்தன. 1914இல் இக்கப்பலின் மேல் வகுப்புகள் நீக்கப்பட்டு, முழுவதும் மூன்றாம் வகுப்பு, கீழ்த்தளப் பயணிகளுக்காக மாற்றப்பட்டது. கௌரவம் தேய்ந்த பிறகும் கப்பலை ஓட வைத்தவர்கள் குடிபெயர்ந்தோரே.

மூன்றாவது நிலக்கரி. முழு வேகத்தில் இக்கப்பல் நாளொன்றுக்கு ஏறத்தாழ 500 டன் நிலக்கரியை எரித்தது. இரு முனைகளிலும் கரி காத்திருக்கும் நிலையான தடத்தில் அது வெறும் செலவுக் கணக்கு. போரில் அதுவே உயிர்நாடி. 1914 ஆகஸ்டில் பீரங்கிகள் பூட்டப்பட்டுத் துணைப் போர்க்கப்பலாகக் கிளம்பிய இது மூன்று கப்பல்களை மூழ்கடித்தது. பெண்களும் குழந்தைகளும் இருந்த ‘கலீசியன்’, ‘அர்லான்சா’ ஆகியவற்றை விடுவித்தது. அதற்குள் கரி தீர்ந்துவர, ஸ்பானிய சகாராவின் ரியோ டி ஓரோ கரையோரம் ஆகஸ்டு 17இல் ஒதுங்கியது. 26ஆம் தேதி இன்னும் கரி ஏற்றிக்கொண்டிருந்தபோது பிரித்தானியப் போர்க்கப்பல் ‘ஹைஃபிளையர்’ அதைக் கண்டது. மோதலில் கப்பல் மூழ்கியது. வெடிமருந்து தீர்ந்ததால் தாங்களே மூழ்கடித்ததாக ஜெர்மானியரும், தங்கள் குண்டுகளே காரணமென பிரித்தானியரும் உரிமை கோரினர்.

இறுதி அடியை யார் கொடுத்தார்கள் என்பதைவிட, உலகின் அதிவேகக் கப்பலாக இருந்த ஒன்று ஏன் பத்து நாள் ஒரே இடத்தில் நின்றது என்பதே வரலாற்றாசிரியர் கேட்க வேண்டிய கேள்வி. அதற்கான விடை எந்திர அறையில் மட்டும் கிடைக்காது. எல்லை நிலையங்களின் பதிவேடுகள், மானிய ஒப்பந்தங்கள், கரிக் கணக்குகள் ஆகியவற்றையும் சேர்த்து வாசிக்கும்போதே சாதனையும் அழிவும் ஒரே காரணத் தொடரில் அடங்குகின்றன.