மனைத் தரகர் பதிவு: வரலாறும் சரிபார்ப்பும்

மனைத் தரகர் பதிவு என்பது, வீடு, மனை விற்பனையில் இடைநின்று தரகு பெறுவோர், அரசு அமைத்த ஒழுங்குமுறை ஆணையத்தில் தம் பெயரைப் பதிந்து எண் பெறும் முறையாகும். இந்தியாவில் 2016ஆம் ஆண்டு இயற்றப்பட்ட ரியல் எஸ்டேட் (ஒழுங்குமுறை மற்றும் மேம்பாடு) சட்டம் இதைக் கட்டாயமாக்கியது. முன்பணம் கொடுப்பதற்கு முன் இந்த எண்ணைச் சரிபார்ப்பது வாங்குபவருக்குக் கிடைத்த முதல் பாதுகாப்பு ஆகும்.

பழைய தரகு

தரகு தமிழகத்தில் மிகப் பழைய தொழில். முதலாம் இராசராச சோழன் நாகப்பட்டினத்துச் சூடாமணி விகாரத்துக்கு ஆனைமங்கலம் என்னும் ஊரைக் கொடையாக அளித்தான். அதைக் கூறும் ஆனைமங்கலச் செப்பேடுகளில் உள்ள வரிகளின் பட்டியலில் தரகும் ஒன்று. அரசு தரகிலிருந்து வருவாய் பெற்றது என்பதை இது காட்டுகிறது.

மாட்டுச் சந்தையில் துண்டுக்குள் விரல் பிடித்து விலை பேசும் தரகரைப் போலவே, நிலத்துக்கும் ஊர்தோறும் தரகர் இருந்தார். விற்பவரையும் வாங்குபவரையும் அவர் அறிவார். ஊரும் அவரை அறியும். அந்த அறிமுகமே அவருக்குப் பிணையாக இருந்தது.

பத்திரத்தில் இல்லாத பெயர்

ஆங்கிலேயர் ஆட்சியில் நில விற்பனை எழுத்துக்கு வந்தது. 100 ரூபாயும் அதற்கு மேலும் மதிப்புள்ள அசையாச் சொத்தின் விற்பனை பதிவு செய்த பத்திரத்தால் மட்டுமே நடைபெற வேண்டும் என்று 1882ஆம் ஆண்டுச் சொத்து மாற்றுச் சட்டம் கூறியது. பதிவு நடைமுறைகளை 1908ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டம் வகுத்தது. விற்பவர், வாங்குபவர், சாட்சிகள் ஆகியோரின் பெயர்கள் பத்திரத்தில் இடம்பெற்றன. இருவரையும் சேர்த்து வைத்த தரகரின் பெயரை அதில் எழுத வேண்டிய தேவை இருக்கவில்லை. 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டம் முகவரின் கடமைகளைக் கூறினாலும், முகவராக இருக்கப் பதிவோ தகுதியோ கேட்கவில்லை.

நகரங்கள் விரிந்து, விளைநிலங்கள் மனைப்பிரிவுகளாக மாறியபோது பழைய அறிமுகம் மறைந்தது. வெளியூர்க்காரர் ஒருவர் தம் சேமிப்பை முன்பின் அறியாத தரகரின் கையில் கொடுக்கும் நிலை வந்தது. அங்கீகாரம் பெறாத மனைகளும், பவர் பத்திரத்தை மட்டும் காட்டிச் செய்யும் விற்பனைகளும் பெருகின. பொது அதிகார ஆவணத்தின் வழியாகச் செய்யும் விற்பனை உரிமையை மாற்றாது என்று உச்ச நீதிமன்றம் 2011இல் தீர்ப்பளித்தது. அங்கீகாரம் இல்லாத மனைகளைப் பத்திரப் பதிவு செய்யச் சென்னை உயர் நீதிமன்றம் 2016 செப்டம்பரில் இடைக்காலத் தடை விதித்தது.

2016ஆம் ஆண்டுச் சட்டம்

தரகருக்கு உரிமம் வழங்கும் முறையை அமெரிக்காவின் கலிபோர்னியா மாநிலம் 1917இலேயே கொண்டுவந்தது. நீதிமன்றம் அச்சட்டத்தை ஏற்காததால், 1919இல் மீண்டும் ஒரு சட்டம் இயற்றியது. இந்தியாவில் இதற்கான நாடு தழுவிய சட்டம் 2016 மார்ச்சில் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. அதன் ஒரு பகுதி 2016 மே 1 அன்றும், எஞ்சிய பகுதி 2017 மே 1 அன்றும் நடைமுறைக்கு வந்தன. தமிழ்நாடு தன் விதிகளை 2017 ஜூனில் வெளியிட்டது.

இச்சட்டத்தின் 9ஆம் பிரிவுப்படி, பதிவு பெறாத தரகர் பதிவுக்குரிய திட்டங்களில் விற்பனைக்கு இடைநிற்கக் கூடாது. தாம் முடித்துத்தரும் ஒவ்வொரு விற்பனையிலும் தம் பதிவு எண்ணை அவர் குறிப்பிட வேண்டும். பதிவு செய்யப்படாத திட்டத்தின் மனையை விற்க உதவக் கூடாது என்றும், கணக்குகளை வைத்திருக்க வேண்டும் என்றும் 10ஆம் பிரிவு கூறுகிறது. மீறினால் நாளொன்றுக்கு 10,000 ரூபாய் வீதம், சொத்து விலையில் 5 விழுக்காடு வரை தண்டம் விதிக்கலாம். பாதிக்கப்பட்டவர் தரகர் மீதும் ஆணையத்தில் புகார் அளிக்கலாம்.

சரிபார்க்கும் முறை

பதிவு பெற்ற தரகர்களின் பெயரையும் ஒளிப்படத்தையும் ஆணையம் தன் இணையத்தளத்தில் வெளியிட வேண்டும். பதிவு மறுக்கப்பட்டவர்களும் நீக்கப்பட்டவர்களும் அப்பட்டியலில் இடம்பெற வேண்டும் என்பது சட்டத்தின் கட்டளை. வாங்குபவர் தரகரிடம் எண்ணைக் கேட்டு வாங்கி, அதைத் தாமே தளத்தில் தேட வேண்டும். அச்சிட்ட அட்டையையோ கைபேசியில் காட்டும் படத்தையோ மட்டும் நம்புவது போதாது. பெயர், ஒளிப்படம், முகவரி, பதிவு முடியும் நாள் ஆகியவை பொருந்துகின்றனவா என்று பார்க்க வேண்டும்.

அடுத்து, திட்டத்தின் பதிவு எண்ணைத் தனியே தேட வேண்டும். தரகருக்கு ஓர் எண், மனைப்பிரிவுக்கு அல்லது அடுக்குமாடிக்கு வேறோர் எண் என இரண்டும் இருக்க வேண்டும். விற்பனை ஒப்பந்தத்தைப் பதிவு செய்யாமல் விலையில் 10 விழுக்காட்டுக்கு மேல் பெறும் உரிமை கட்டுநருக்கு இல்லை. சொத்து விற்பனைக்கு 20,000 ரூபாயோ அதற்கு மேலோ ரொக்கமாக முன்பணம் பெறுவதை வருமான வரிச் சட்டம் 2015 ஜூன் 1 முதல் தடை செய்தது. எனவே முன்பணத்தை வங்கி வழியாக விற்பவரின் கணக்கில் செலுத்தி, ரசீது பெறுவதே முறையாகும்.

பதிவின் எல்லை

பதிவு எண் தரகர் யார் என்பதைச் சொல்லும். நிலம் யாருடையது என்பதைச் சொல்லாது. அதற்குத் தாய்ப்பத்திரம், வில்லங்கச் சான்று, பட்டா ஆகியவற்றையே பார்க்க வேண்டும். மேலும், 500 சதுர மீட்டருக்கு மிகாத நிலத்தில் அமையும் திட்டங்களும், எட்டு வீடுகளுக்கு மிகாத கட்டுமானங்களும் இச்சட்டப்படி பதிவு செய்யப்பட வேண்டியதில்லை. தனியார் ஒருவர் தம் பழைய வீட்டை விற்கும்போது வரும் தரகரும் பொதுவாக இந்தக் கட்டாயத்துக்குள் வருவதில்லை. ஊரில் நடக்கும் விற்பனைகளில் இத்தகையவையும் பல. அவற்றில் தரகர் எண் கேட்டுப் பயனில்லை. ஆவணங்களைச் சரிபார்ப்பதும், பணத்தை உரிமையாளரிடமே நேரடியாகச் சேர்ப்பதும் மட்டுமே வாங்குபவருக்குத் துணை.